சங்கரம்மாளின் ஒன்பது தாள்கள்

அரசாங்கம் பிளாஸ்டிக் பையை ஒழித்துக்கட்டிய நாளிலிருந்து தருவைகுளம் ரோட்டுப் பலசரக்குக் கடைக்காரர்கள் எல்லாரும் காகிதக் கவருக்கு அலைந்தார்கள். வன்னியபெருமாள் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தார். அவர் கை பொட்டலம் மடிக்க மறந்ததே இல்லை. தாளைக் கூம்பாகச் சுருட்டி, சாமானைக் கொட்டி, வாயை மடக்கி, தலைக்கு மேல் தொங்கும் நூல்கண்டை இழுத்து இரண்டு சுற்றுச் சுற்றி அறுத்துவிடுவார். பொட்டலம் கைதவறிக் கீழே விழுந்தாலும் ஒரு கடுகு வெளியே எட்டிப் பார்க்காது.

அவருக்கு இருந்த ஒரே கஷ்டம் தாள்தான். ஊரில் எல்லாரும் செய்தியைப் போனில் படிக்க ஆரம்பித்த பிறகு பழைய பேப்பருக்குப் பஞ்சம் வந்துவிட்டது. அதனால் ஒரு பக்கம் அச்சடித்த தாள் எங்கே கிடந்தாலும் அவர் கண் அங்கே போய்விடும். பரீட்சைத் தாள், போன வருஷத்துக் காலண்டர், கல்யாண மண்டப நோட்டீஸ் என்று எதையும் விடமாட்டார். கல்யாணப் பத்திரிகை வைக்க வருகிறவர்களிடம் மணமக்கள் பெயரை விசாரிப்பதற்கு முன்னால் அட்டையின் கனத்தைத் தடவிப் பார்ப்பார் என்று அவர் மகள் ஐஸ்வர்யா கேலி பேசுவாள். அதில் பொய் ஒன்றும் இல்லை.

அவர் மனைவி செண்பகம் வேறு தினுசு. கடைக்குப் பின்கட்டில் இருபத்தைந்து வருஷம் குடித்தனம் நடத்திக்கொண்டே, அடுப்புக்கும் போனுக்கும் நடுவில் கவிதை எழுதிப் பேர் வாங்கியவள். 'கரையெழுத்து' என்று ஒரு வாட்ஸ்அப் குழு வைத்திருந்தாள். அந்தக் குழுவிலிருந்து ஒரு தொகுப்பு கொண்டுவருவது என்று தை மாதத்தில் முடிவு செய்தார்கள். ஒரே பொருளைப் பற்றிப் பலபேர் எழுதிய கதைகளும் கவிதைகளும் கொண்ட புத்தகம். பொருள், உப்பு.

"கல்லுப்பா, தூளுப்பா?" என்று வன்னியபெருமாள் அன்றைக்குக் கேட்டார். அந்தப் புத்தகத்தில் அவர் காட்டிய அக்கறை அதோடு முடிந்தது.

இருபத்தாறு பேர் அனுப்பினார்கள். ஆழ்வார்திருநகரியிலிருந்து ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், சாயர்புரத்திலிருந்து ஒரு கல்லூரிப் பேராசிரியை, சாத்தான்குளத்திலிருந்து ஒரு ஜவுளிக்கடை முதலாளி என்று நாலா பக்கமிருந்தும் வந்து குவிந்தது. வந்ததில் பதினாலு கவிதையில் உப்பு என்றால் கண்ணீர். கம்ப்யூட்டரில் பக்கம் அமைத்துக்கொண்டிருந்த ஐஸ்வர்யா, "யம்மா, இந்தப் புஸ்தகத்தப் பிழிஞ்சா ரெண்டு கொடம் கண்ணீர் வரும் போலிருக்கே" என்றாள்.

செண்பகம் சிரிக்கவில்லை. அவளுக்கும் அந்த உறுத்தல் இருந்தது. உப்பளத்தில் இறங்கி நிற்கிற ஒருத்தர் எழுதாமல் உப்பைப் பற்றி என்ன புத்தகம்? அதனால்தான் கடைக்கு வரும் சங்கரம்மாளை மூன்று மாதமாகப் பிடித்து வைத்துக் கெஞ்சிக்கொண்டிருந்தாள். சங்கரம்மாள் பத்தாம் வகுப்பு வரை படித்தவள், பதினெட்டு வருஷமாக உப்பு வாருகிறவள். "நான் என்னத்தக்கா எழுத? எழுதுனா நீங்க சிரிப்பிய" என்று நழுவிக்கொண்டே இருந்தவள், ஆடி பிறந்த வெள்ளிக்கிழமை மத்தியானம் அளத்து வேலை முடிந்து வெயிலோடு வந்து ஒரு கட்டுத் தாளை நீட்டினாள்.

"கத மாதிரி ஒண்ணு எழுதியிருக்கேன். பிடிச்சாப் போடுங்க, இல்லன்னா சொல்லிருங்கக்கா."

ஒன்பது தாள்கள். உப்பு லாரிக்குப் போடும் பழைய லோடு சீட்டின் பின்பக்கத்தில், இரண்டு ஓரத்திலும் இடம் விடாமல் எழுதியிருந்தாள். மூலையில் ஒன்று, இரண்டு என்று எண் போட்டிருந்தாள். செண்பகம் முதல் நாலு வரியைப் படித்ததுமே அவளுக்கு உடம்பு புல்லரித்தது. அதற்குள் உள்ளே பால் பொங்கும் சத்தம். தாள்களைத் தராசுக்குப் பக்கத்தில் வைத்து, "ஏங்க, இதப் பத்திரமாப் பாத்துக்கிடுங்க, போட்டோ எடுக்கணும்" என்று சொல்லிவிட்டு ஓடினாள். வன்னியபெருமாள் புளி நிறுத்துக்கொண்டே தலையை ஆட்டினார். அவர் தலை வியாபார நேரத்தில் யார் என்ன சொன்னாலும் ஆடும்.

பாலை இறக்கி வைத்ததும் சாயர்புரம் பேராசிரியை போனில் கூப்பிட்டு ஒரு காற்புள்ளியைப் பற்றி முக்கால் மணி நேரம் பேசினார். அடுப்பு வேலையும் முடிவதற்குள் சாயங்காலம் ஆகிவிட்டது.

மாதா கோயில் கொடியேற்றம் நெருங்கிக்கொண்டிருந்ததால் அன்று கடையில் நல்ல கூட்டம். மேற்கேயிருந்து அடிக்கிற கச்சான் காற்று ரோட்டு மண்ணையெல்லாம் அள்ளி வந்து கடைக்குள் கொட்டிக்கொண்டிருந்தது. கூட்டம் குறைந்து விளக்குப் போடுகிற நேரத்தில் செண்பகம் போனோடு வந்தாள்.

"அந்தச் சீட்டெல்லாம் எங்க?"

"எந்தச் சீட்டு?"

"தராசுக்கிட்ட வச்சேம்லா. சங்கரம்மா எழுதிக் குடுத்த கத."

வன்னியபெருமாள் தராசுக்குப் பக்கத்தில் பார்த்தார். மத்தியானம் அந்தத் தாளைத் தொட்டுப் பார்த்ததும் எவ்வளவு சந்தோஷப்பட்டோம் என்பது நினைவுக்கு வந்தது. கெட்டித் தாள், மொடமொடவென்று, நூறு கிராம் சாமானுக்கென்றே அளவெடுத்து வெட்டினது மாதிரி. அச்சடித்த பக்கத்தில் ஐந்து வருஷத்துக்கு முந்தைய தேதி. திருப்பிப் பார்க்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றவே இல்லை.

"செண்பகம், அது... நல்ல தாளா இருந்துதா..."

"பொட்டலம் கட்டிட்டியளா?"

அவர் தலைக்கு மேல் தொங்கிய நூல்கண்டைப் பார்த்தார். செண்பகம் அரிசி மூட்டைமேல் உட்கார்ந்துவிட்டாள். அவள் கத்தியிருந்தால் அவருக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

"இன்னொருக்க எழுதச் சொல்லேன்" என்றார் மெதுவாக.

"மூணு மாசம் கெஞ்சி எழுத வச்சது. பொட்டலம் கட்டிட்டோம், திரும்ப எழுதுன்னு எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டுக் கேக்க? இருவத்தாறு பேரு உப்பப் பத்தி எழுதியிருக்காவ. ஒருத்தர் கால்ல உப்பு பட்டிருக்கா? இவ கத இல்லாம அந்தப் புஸ்தகம் எதுக்கு? நாளைக்குச் சாயங்காலம் சிவகாசி பிரஸ்ஸுக்கு அனுப்பணும். வேண்டாம்னு போன் பண்ணிருதேன்."

வன்னியபெருமாள் உப்பாவது புத்தகமாவது என்று இருந்தவர்தான். ஆனால் மனைவி இப்படிக் காற்றுப்போன பலூனாக உட்கார்ந்து அவர் பார்த்ததில்லை. பார்க்கப் பிடிக்கவில்லை.

அவருக்கு ஒரு வரம் உண்டு. கல்யாண நாள் மறந்துபோகும், மகள் எந்த வருஷம் படிக்கிறாள் என்பது மறந்துபோகும். ஆனால் இன்றைக்குக் கடைக்கு வந்தது யார், என்ன வாங்கினார்கள், எந்த வரிசையில் வாங்கினார்கள் என்பது ஒரு வாரத்துக்கு மறக்காது. கண்ணை மூடினார். விரல் காற்றில் பொட்டலம் மடித்தது.

"மொதத் தாளு ஆட்டோ பேச்சிமுத்து, கடலப்பருப்பு. ரெண்டும் மூணும் டீக்கடைக்கு, சுக்கும் ஏலக்காயும். நாலு நர்சம்மா சரண்யாதேவி, மஞ்சத்தூளு. அஞ்சு, ஆறு அவிய எதுத்த வீடு, கடுகும் வெந்தயமும். ஏழு தையக்காரரு, மொளகு. எட்டாவது ஜேசுபாதம் அண்ணன் வீட்டுக்கு, வத்தல்."

"ஒம்பது?"

ஒன்பதாவது நூறு சீரகம். ஐந்தரை மணிக்கு. வாங்கிப் போனது சங்கரம்மாள். எழுதியவளுக்கே அவள் எழுத்தில் சீரகத்தைக் கட்டிக் கொடுத்திருக்கிறார், அதுவும் சிரித்துக்கொண்டே.

"ஒம்பதாவது ஆளு... நெப்புல வரமாட்டேங்கு" என்றார். கடை வைத்த நாளிலிருந்து அவர் சொன்னதில் இதுதான் பெரிய பொய்.

ஐஸ்வர்யாவைக் கடையில் உட்கார வைத்துவிட்டுப் புருஷனும் பெண்டாட்டியும் கிளம்பினார்கள். ஆட்டோ ஸ்டாண்டில் பேச்சிமுத்து இவர்களைக் கண்டதும் எழுந்து ஓடிவந்தான்.

"அண்ணாச்சி, நானே வரணும்னு இருந்தேன். அந்தக் கடலப்பருப்புத் தாளுக்கு அடுத்த தாளு எங்க? கதயில வார அந்த வடிவுக்கு நாக்குல உப்பே ஒறைக்காதுன்னு எழுதியிருக்கு, அதோட முடிஞ்சிட்டு. பெறவு என்னாச்சி?"

தாள் அவன் சட்டைப் பையில் பத்திரமாக இருந்தது. ஸ்டாண்டில் இருந்த நாலு பேருக்கும் உரக்கப் படித்துக் காட்டியிருக்கிறான். மீதியைப் பார்க்காமல் இருக்க முடியாதென்று சொல்லி இருவரையும் ஏற்றிக்கொண்டு அவனே ஆட்டோவை எடுத்தான்.

கதை துண்டு துண்டாகக் கைக்கு வந்தது. டீக்கடையில் இரண்டு, மூன்று. வடிவு உப்பளத்தில் வேலை செய்கிறவள். விடியுமுன் போய் வெயில் ஏறும்வரை உப்புக் காற்றையே தின்று தின்று அவள் நாக்குக்கு உப்பின் அளவு தெரியாமல் போய்விட்டது. வீட்டில் குழம்பு வைத்தால் ஒருநாள் கரிக்கும், ஒருநாள் சப்பென்று இருக்கும். புருஷன் தினமும் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்துபோவான். சரண்யாதேவி வீட்டுத் தாளில் மஞ்சள் கறை ஏறியிருந்தாலும் எழுத்து தெரிந்தது. அதில் வடிவு, பக்கத்து வீட்டுக்காரியைக் கூப்பிட்டு ருசி பார்க்கச் சொல்கிறாள். அவள் சரியாக இருக்கிறது என்று சொல்லியும் புருஷன் எழுந்துபோகிறான். பழக்கமாகிவிட்டதாம்.

"இவன்லாம் ஒரு மனுசனா?" என்று சரண்யாதேவி படியிலேயே நின்று கோபப்பட்டாள். "எங்க ஆசுபத்திரிக்கு வந்தாம்னா ஊசிய அழுத்திக் குத்துவேன் நான்."

எதிர்த்த வீட்டில் ஐந்தும் ஆறும் கிடைத்தன. தையல்காரர், தாளை அளவு எழுதும் நோட்டுக்குள் மடிக்காமல் வைத்திருந்தார். ஏழாவது தாளைப் படித்ததும் செண்பகம் ஆட்டோவிலேயே கையைத் தட்டினாள். வடிவு அன்று மீன் குழம்பில் உப்பே போடவில்லை. சோற்றிலும் போடவில்லை. தட்டை வைத்து, தட்டுக்குப் பக்கத்தில் அளத்திலிருந்து கொண்டுவந்த ஒரு கை கல்லுப்பை வைக்கிறாள். 'எவ்வளவு வேணுமோ நீயே போட்டுக்கோ' என்று சொல்லி வாசலில் போய் உட்காருகிறாள்.

"ஏ அப்பா!" என்றார் வன்னியபெருமாள். அவரை அறியாமலே வந்தது. பேச்சிமுத்து ஆட்டோவை ஓரமாக நிறுத்திவிட்டு ஒருதடவை தானும் வாங்கிப் படித்தான்.

எட்டாவது தாளுக்காக ஜேசுபாதத்தின் வீட்டில்தான் வழக்கு முற்றியது. ஜேசுபாதம் துறைமுகத்தில் கிரேன் ஓட்டி ஓய்வுபெற்றவர். திருவிழாவுக்கு வெள்ளையடித்த வீட்டின் முன்னால் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மடியில் தாள்.

"தரமாட்டேன் வன்னியபெருமாளு. அவன் கையில சோத்த எடுத்துட்டான். வாய்க்குக் கொண்டுபோறான். அதோட தாளு முடிஞ்சிட்டு. மாதாவே, இது நியாயமா? ஒம்பதாவதக் கொண்டா, எட்டாவதத் தாரேன்."

"ஒம்பதாவதுதாம்ணே கெடைக்கல."

"அப்பம் அவன் சாப்ட்டானா இல்லையா?"

"சாப்ட்டிருப்பான்" என்றான் பேச்சிமுத்து. "பசின்னு ஒண்ணு இருக்குல்லா."

"தட்டத் தூக்கி எறிஞ்சிருப்பான். நான் கிரேன்ல இருக்கும்போது இந்த மாதிரி ஆளு எத்தன பேரப் பாத்திருக்கேன்!"

"நீங்க எறிஞ்சத நானும் பாத்திருக்கேன்" என்று உள்ளேயிருந்து அவர் மனைவியின் குரல் வந்தது. ஜேசுபாதம் கேட்காத மாதிரி கடல் பக்கம் பார்த்தார்.

அதற்குள் மஞ்சள் தாள்காரி சரண்யாதேவி, முடிவு தெரிய வேண்டும் என்று ஸ்கூட்டியில் பின்னாலேயே வந்துவிட்டாள். அவன் நேரே பரோட்டாக் கடைக்குத்தான் போயிருப்பான் என்பது அவள் கட்சி. தெருவில் போகிற வருகிறவர்கள் எல்லாம் நின்று கேட்டார்கள். எட்டுத் தாளும் முதலிலிருந்து ஒருதடவை வாசிக்கப்பட்டது. மூன்று கட்சியாகப் பிரிந்து நின்று பேசினார்கள். செண்பகத்துக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. இருபத்தாறு பேர் எழுதியதில் எதற்காவது இப்படி ஒரு சண்டை வருமா என்று நினைத்துக்கொண்டாள். முடிவை அறிந்து வந்து சொல்கிறேன் என்று வன்னியபெருமாள் சத்தியம் செய்த பிறகுதான் ஜேசுபாதம் தாளைக் கொடுத்தார்.

மறுநாள் காலை எட்டரைக்கு வன்னியபெருமாள், "ஒம்பதாவது ஆளு நெப்புல வந்துட்டு" என்று மட்டும் சொல்லிவிட்டு, வியாபார நேரத்தில் கடையை மகளிடம் விட்டுவிட்டு டிவிஎஸ்ஸை எடுத்தார். எட்டுத் தாளும் மஞ்சள் பையில் இருந்தது. முப்பது வருஷமாகக் கல்லுப்பு விற்கிறவர், உப்பளத்துக்குள் கால் வைத்தது அன்றைக்குத்தான். பாத்தி பாத்தியாக வெள்ளை. அதன்மேல் விழுந்த வெயில் நேரே கண்ணுக்குள் குத்தியது. அவர் கையைப் புருவத்துக்கு மேல் வைத்துக்கொண்டு வரப்பில் தடுமாறி நடந்தார். சேலைக்கு மேல் முழுக்கைச் சட்டையும் தலையில் துண்டும் கட்டிய பெண்கள், பாத்தியில் வாரிய உப்பைத் தலைச்சுமையாகக் கொண்டுபோய் அம்பாரத்தில் கொட்டிக்கொண்டிருந்தார்கள். இவர் கடை வேட்டியும் செருப்புமாக வருவதைப் பார்த்து ஒருத்தி என்னவோ சொல்ல, எல்லாரும் சிரித்தார்கள்.

கஞ்சி நேரம். ஓலைக் கொட்டகையின் நிழலில் சங்கரம்மாள் தூக்குச்சட்டியைத் திறந்து வைத்து, கொள்ளில் அரைத்த காணத் துவையலைப் பிரித்துக்கொண்டிருந்தாள்.

"வாங்க அண்ணாச்சி" என்றாள். முகத்தில் சிரிப்பு இருந்தது, ஆனால் வழக்கமான சிரிப்பு இல்லை. "சீரகம் நல்லாத்தான் இருந்துச்சி."

வன்னியபெருமாள் மஞ்சள் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

"எழுதுனது சரியில்லன்னா சொல்லியிருக்கலாம். நான் ஒண்ணும் சண்டைக்கு வந்திருக்க மாட்டேன். பொட்டலத்தப் பிரிச்சதும் ரெண்டு நிமிசம் நெஞ்சு அடச்சிட்டு. பெறவு அந்தத் தாள அடுப்புல போட்டுட்டேன்."

"ஏளா, சங்கரம்மா, செண்பகத்துக்கு ஒண்ணுமே தெரியாது. செஞ்சது பூராவும் நான். அச்சடிச்ச பக்கத்த மட்டும் பாத்தேன், திருப்பிப் பாக்கல. அவ எங்கிட்டப் பேசாம மூட்டைமேல உக்காந்துட்டா. உன் கத இல்லன்னா புஸ்தகமே வேண்டாம்னு சொல்லிட்டா." மளமளவென்று கொட்டிவிட்டுப் பையிலிருந்து எட்டுத் தாளையும் எடுத்து நீட்டினார். "இந்தா பாரு. வத்தல் நெடி அடிக்கும், மூஞ்சிக்கிட்டக் கொண்டு போயிராத."

அவள் வாங்கவில்லை. கை ஈரமாக இருந்தது. எட்டிப் பார்த்தாள். மஞ்சள் கறையை, எண்ணெய்ப் பொட்டை, சுருக்கத்தை. அவர் ஒவ்வொரு தாளாகக் காட்டி, எது எந்த வீட்டில் கிடந்தது, யார் என்ன சொன்னார்கள் என்று வரிசையாக ஒப்பித்தார். பேச்சிமுத்து ஸ்டாண்டில் வாசித்தது, சரண்யாதேவி ஊசி குத்துவேன் என்றது, ஜேசுபாதம் தாளைப் பிடித்துவைத்துப் பஞ்சாயத்துப் பேசியது, அவர் பெண்டாட்டி உள்ளேயிருந்து போட்டு உடைத்தது. ஊசிப் பேச்சைக் கேட்டதும் சங்கரம்மாளின் உதடு விரிந்தது. ஜேசுபாதத்தின் பெண்டாட்டி சொன்னதைக் கேட்டதும் வாய்விட்டுச் சிரித்து, துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"நெசமாவா அண்ணாச்சி? நான் எழுதினதயா?"

"நீ எழுதினதத்தான். சரி, சொல்லு. அவன் சாப்ட்டானா இல்லையா? அத மட்டும் சொல்லிரு. எனக்கே ஒறக்கம் வரல."

"மொத்தம் எத்தன பேரு படிச்சாவ?"

"அது இருக்கும், ஒரு இருவது பேரு."

"இருவது பேரும் அவன் சாப்ட்டானான்னுதான் கேட்டாவளா?"

"ஆமா. பெறவு?"

"அவ சாப்ட்டாளான்னு ஒருத்தரும் கேக்கலியோ?"

வன்னியபெருமாள் தாள்களைப் பைக்குள் வைக்கக் குனிந்தார். அப்போதுதான் திறந்து கிடந்த தூக்குச்சட்டி அவர் கண்ணில் பட்டது. கஞ்சியில் ஈ மொய்த்துக்கொண்டிருந்தது. வந்ததிலிருந்து அவள் ஒரு வாய்கூடக் குடிக்கவில்லை. அவளைக் குடிக்கவிடாமல் பேசிக்கொண்டிருந்தோம் என்பது உறைத்ததும் அவருக்கு வெட்கமாகிப் போயிற்று. துண்டை எடுத்து ஈயை விரட்டினார்.

"உங்களச் சொல்லி என்ன?" என்றாள் சங்கரம்மாள். "நானே கேக்கலியே. ஒம்பதாவது தாளுல அவன் உப்பப் போட்டுச் சாப்ட்டான், அவளுக்குச் சந்தோசம்னு எழுதி முடிச்சிருந்தேன். அவள வாசல்ல உக்கார வச்சத அப்படியே மறந்துட்டேன். எரிஞ்சது நல்லதாப் போச்சி. பென்சில் இருக்கா? நான் சொல்லுதேன், எழுதுங்க."

"மொதல்ல நீ குடி."

"ரெண்டும் நடக்கும். எழுதுங்கன்னேன்."

கொட்டகைக் கம்பில் செருகியிருந்த லோடு சீட்டில் ஒன்றை உருவி, பின்பக்கத்தைத் திருப்பி, மூலையில் ஒன்பது என்று எண் போட்டுக்கொண்டார் வன்னியபெருமாள். அவள் ஒரு வாய் கஞ்சி குடிப்பாள், துவையலைத் தொட்டுக்கொள்வாள், ஒரு வரி சொல்வாள். அவர் குனிந்து எழுதினார். 'அவன் சாப்பிட்டானா என்று வடிவு திரும்பிப் பார்க்கவில்லை. உள்ளே போய் இன்னொரு தட்டு எடுத்தாள். சட்டியில் கிடந்ததில் பெரிய மீனாகப் பார்த்துத் தனக்குப் போட்டுக்கொண்டாள்.' எழுத்து கோணிக்கொண்டு போனாலும் ஒரு சொல்லையும் விடவில்லை.

"சங்கரம்மா, நேரமாச்சி!" என்று பாத்தியிலிருந்து ஒருத்தி கூப்பிட்டாள்.

"இருங்கட்டி, இன்னும் பாதிச் சட்டி கெடக்கு" என்று இவள் பதில் குரல் கொடுத்தாள்.

மடியில் போன் அடித்தது. செண்பகம்.

"எங்க இருக்கிய? கெடச்சிதா?"

"கெடச்சிட்டு. பழச விட நல்லாக் கெடச்சிட்டு. இன்னும் ரெண்டு வரிதான்." பென்சிலைக் காதில் செருகிக்கொண்டார். "ஒம்பதாவது ஆளு சங்கரம்மாதான், செண்பகம்."



"அடப் பாவி மனுசா! அவளுக்கேவா கட்டிக் குடுத்திய? போன அவகிட்டக் குடுங்க. நான் மன்னிப்புக் கேக்கணும், இப்பமே குடுங்க."

வன்னியபெருமாள் திரும்பிப் பார்த்தார். சங்கரம்மாள் தூக்குச்சட்டியை இரண்டு கையாலும் தூக்கி, கண்ணை மூடி, அவசரமில்லாமல் குடித்துக்கொண்டிருந்தாள்.

"இப்பக் குடுக்க முடியாது" என்றார். "அவ சாப்ட்டுக்கிட்டிருக்கா."